மூன்றாவது ரூமுக்கு முப்பது வருஷம்

தம்பிக்கு,

நீ நலமா, சாப்பாடு ஒத்துக்கொள்கிறதா என்று விசாரிக்கிற பாகத்தை இந்த முறை விட்டுவிடுகிறேன். போன ஞாயிற்றுக்கிழமைதான் நம் குவார்ட்டர்ஸ் ஹாலில் உட்கார்ந்து குழம்பைக் கேட்டுக் கேட்டு வாங்கிச் சாப்பிட்டுவிட்டுப் போனாய். நன்றாகத்தான் இருக்கிறாய். எனக்குத்தான் அன்றிலிருந்து சோறு இறங்கவில்லை. போனில் சொல்லலாம் என்று எடுத்து எடுத்து வைத்தேன். நீ மீட்டிங்கில் இருக்கிறேன், அப்புறம் பேசுகிறேன் என்பாய். அந்த அப்புறம் வருவதற்குள் வெள்ளிக்கிழமை வந்துவிடும். பேங்கில் கையெழுத்துப் போட்டுவிட்டு, நித்யாவோடு சிரித்துக்கொண்டு நிற்கிற போட்டோவை எனக்கு அனுப்புவாய். அதனால்தான் எழுதுகிறேன். கடிதம் என்றால் நடுவில் புகுந்து "உனக்குப் புரியாதும்மா" என்று உன்னால் சொல்ல முடியாது. எனக்கு அந்த ஒரு சௌகரியம் போதும்.

நடந்ததை ஒரு முறை எழுதிவிடுகிறேன், நீயே படித்துப் பார். நீயும் நித்யாவும் பாப்பாவைத் தூக்கிக்கொண்டு வந்தீர்கள். சாப்பிட்டு முடித்து நான் தட்டைக்கூட எடுக்கவில்லை, அதற்குள் பையிலிருந்து ஒரு பளபளப்புப் புத்தகத்தை எடுத்து அப்பா மடியில் வைத்தாய். நாவலூரைத் தாண்டி ஏதோ ஒரு இடம், பன்னிரண்டாவது மாடி, மூன்று ரூம் ஃபிளாட். விலை தொண்ணூறு லட்சம். அதில் எழுபது லட்சத்தை பேங்க் கொடுக்கும், முப்பது வருஷத்தில் கட்டினால் போதும். மீதிப் பணத்துக்கு, மைன்ஸ் டவுன்ஷிப்புக்கு வெளியே வடக்குத்து கிராமத்தில் நாம் கட்டிப் போட்டிருக்கிற வீட்டை விற்றுத் தர வேண்டும். அப்பாவுக்கு இன்னும் சில மாதங்களில் ரிட்டயர்மெண்ட். இந்தக் குவார்ட்டர்ஸைக் காலி பண்ணிவிட்டு நாங்கள் அந்த வீட்டுக்குத்தான் போக வேண்டும் என்பது உனக்குத் தெரியும். தெரிந்தும், "அந்தப் பழைய வீட்ல போய் என்னம்மா பண்ணப் போறீங்க, வித்துடலாம்" என்று பழைய பேப்பரை எடைக்குப் போடுகிற மாதிரி சொன்னாய். அப்பா புத்தகத்தைப் புரட்டினார். நீச்சல் குளப் படத்தில் கொஞ்ச நேரம் நின்றார். "நல்லாத்தான் இருக்குது" என்றார். அந்த மனிதர் எதைப் பார்த்துத்தான் அப்படிச் சொல்லவில்லை? உப்பு போட மறந்த ரசத்துக்கும் அதையேதான் சொல்வார். நீ அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டாய். நான் வாயைத் திறக்கவில்லை. வீட்டு விஷயத்தில் மருமகள் முன்னால் மாமியார் குறுக்கே பேசினால் அதற்கு வேறு பெயர் வைத்துவிடுவார்கள் என்று அடக்கிக்கொண்டேன்.

ஆனால் கார் ஏறும்போது நீ சொன்னாயே ஒரு வார்த்தை, அதுதான் என்னைச் சும்மா இருக்க விடவில்லை. இவ்வளவு பெரிய கடனா தம்பி என்று நான் மெல்லக் கேட்டதற்கு, "ஈ.எம்.ஐ. தானேம்மா, பிடித்தம் மாதிரி போயிடும்" என்றாய். பிடித்தம். இந்த டவுன்ஷிப்பில் பிறந்த பிள்ளையின் வாயில்தான் அந்த வார்த்தை அவ்வளவு சுலபமாக வரும். வெளியூர்க்காரர்களுக்குப் பிடித்தம் என்றால் ஆசை, பிரியம். நமக்கு அது சம்பளச் சீட்டின் வலதுபக்கம். சொசைட்டி லோன் பிடித்தம், பி.எஃப். லோன் பிடித்தம், பண்டிகை முன்பணம் பிடித்தம், வீட்டு லோன் பிடித்தம். எல்லாம் சம்பளம் கைக்கு வருவதற்கு முன்பே போய்விடும். கண்ணால் பார்க்காத காசு, அதனால் வலிக்காது. இங்கே இரண்டு பேர் சந்தித்தால் சம்பளம் எவ்வளவு என்று கேட்க மாட்டார்கள், பிடித்தம் போகக் கையில் எவ்வளவு வருகிறது என்றுதான் கேட்பார்கள். கையில் வருவதில் மளிகை, பள்ளிக்கூட ஃபீஸ், தீபாவளித் துணி. வலதுபக்கம் போவது என்ன, இன்னும் எத்தனை வருஷம் போகும், மொத்தமாகக் கூட்டினால் எங்கே போய் நிற்கும் என்று ஒரு ஆள் உட்கார்ந்து பார்த்தது கிடையாது. நானும் பார்த்தது கிடையாது. அந்த லட்சணத்தைப் பார்த்து வளர்ந்தவன் நீ, உன்னை மட்டும் சொல்லி என்ன பிரயோசனம்.

இன்னொன்றும் இருக்கிறது. வீடு என்றால் என்ன செலவு என்பதே உனக்குத் தெரியாது. குழாய் ஒழுகினால் மெயின்டெனன்ஸ் ஆபீசில் ஒரு கம்ப்ளெயின்ட், ஆள் வருவார். சுவரில் ஈரம் கண்டால் கம்ப்ளெயின்ட். புயலில் கொய்யாக் கிளை முறிந்து ஓட்டின் மேல் விழுந்தாலும் கம்ப்ளெயின்ட். வாடகை என்று ஏதோ பெயருக்குப் பிடிப்பார்கள், கரண்ட் பில்லைப் பார்த்து நாம் பயந்தது கிடையாது. சின்ன வயதில் பண்ருட்டியில் சித்தி வீட்டுக்குப் போயிருந்தபோது, சித்தப்பா பிளம்பருக்குக் காசு எண்ணிக் கொடுத்ததைப் பார்த்துவிட்டு, "அவங்க ஏம்மா காசு குடுக்குறாங்க, கம்ப்ளெயின்ட் எழுதிப் போட்டா வர மாட்டாங்களா?" என்று கேட்டாய். அன்றைக்கு வீடே சிரித்தது. எனக்கு இப்போது சிரிப்பு வரவில்லை. உன் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில், கண்ணாடி போட்டாலும் தெரியாத பொடி எழுத்தில், மாதா மாதம் மெயின்டெனன்ஸ் எட்டாயிரம் என்று போட்டிருக்கிறான், படித்தாயா? லிஃப்ட், ஜெனரேட்டர், லாரித் தண்ணீர், அப்பா பார்த்து மயங்கிய அந்த நீச்சல் குளம், எல்லாம் அதில்தான். கார் நிறுத்தும் இடத்துக்குத் தனிக் காசு. மரவேலை, கிரில், ஃபேன், திரைச்சீலை தனி. பத்திரச் செலவு தனி. இதற்கு மேல் கடனுக்கு இன்ஷூரன்ஸ் என்று ஒன்றைச் சேர்த்து, அந்தப் பிரீமியத்தையும் கடனிலேயே ஏற்றிவிடுவார்கள். நீ அதற்கும் முப்பது வருஷம் வட்டி கட்டுவாய்.

வடக்குத்து வீட்டுக் கதையை உனக்கு நாங்கள் முழுசாகச் சொன்னதில்லை. சொல்லும்படியாக அதில் ஒன்றும் இல்லை, அதனால்தான் சொல்லவில்லை. உனக்குப் பத்து வயது. நம் பிளாக்கில் ஒவ்வொருத்தராக வெளியே மனை வாங்கி வீடு கட்டிக்கொண்டிருந்தார்கள். பர்மனென்ட் ஆள், சொந்தமாக ஒரு வீடு இல்லை என்றால் எப்படி என்று ஆளாளுக்குக் கேட்டார்கள். அப்பா அசையவில்லை. அசைத்தது நான்தான். எதிர்வீட்டுக்காரர்களின் கிரகப்பிரவேசத்துக்குப் போய்விட்டு வந்து, ஒரு மாதம் அந்த மனிதருக்கு முகம் கொடுத்துக் காபி கொடுக்கவில்லை. ஆறு லட்சம் கடன், இருபது வருஷம். மாதம் ஆறாயிரத்துக்குக் கொஞ்சம் குறைவாகப் பிடித்தம். கட்டினோம். பால் காய்ச்சினோம். ஊரைக் கூப்பிட்டுச் சாப்பாடு போட்டோம். சாயங்காலம் பூட்டைப் போட்டுவிட்டுப் பழையபடி குவார்ட்டர்ஸுக்கு வந்து படுத்துக்கொண்டோம்.

ஏன் வந்தோம் என்று கேள். இங்கே தண்ணீர் நிற்காது, பள்ளிக்கூடம் நடக்கிற தூரம், ஆஸ்பத்திரி பக்கத்தில், ஷிப்ட்டுக்குப் பஸ் வாசலில். இதையெல்லாம் விட்டுவிட்டு அங்கே போய் மோட்டார் போட்டுத் தண்ணீர் ஏற்றிக்கொண்டு எவன் இருப்பான்? ரிட்டயர் ஆனதும் போகலாம் என்று வாடகைக்கு விட்டோம். கடன் வாங்கினால் ஜனங்கள் அந்த வீட்டில் குடியிருப்பார்கள். ஒரு வீட்டுக்கு வட்டி கட்டிக்கொண்டு இன்னொரு வீட்டில் குடியிருக்கிற கூத்தை இந்த ஊரில்தான் பார்க்கலாம். அதுவும் ஒருத்தர் இரண்டு பேர் இல்லை, பிளாக் பிளாக்காக. வந்த வாடகை வீட்டு வரிக்கும் வெள்ளையடிக்கவும் மோட்டார் ரிப்பேருக்கும் சரியாகப் போனது. நடுவில் பேங்கில் வட்டி ஏறியது. எல்லோரும் பயந்தார்கள். அப்பா மட்டும் சம்பளச் சீட்டைக் காட்டி, "பாத்தியா, நமக்குப் பிடித்தம் ஏறவே இல்ல" என்று நெஞ்சை நிமிர்த்தினார். தொகையை ஏற்றவில்லை, வருஷத்தை நீட்டிவிட்டார்கள் என்பது எங்கள் இரண்டு பேருக்கும் தெரியாது. யாரும் ஒளித்து வைக்கவில்லை, தபாலில் தாள் வந்திருக்கிறது, நாங்கள்தான் பிரித்துப் பார்க்கவில்லை. இருபது வருஷம் இருபத்திரண்டு ஆனது. இந்த வருஷம்தான் முடிந்தது. முடிந்ததும் முதன்முதலாக உட்கார்ந்து கூட்டினேன். ஆறு லட்சத்துக்குப் பதினைந்து லட்சத்துக்கு மேல் கட்டியிருக்கிறோம். அப்பாவிடம் சொன்னேன். அப்படியா என்று கேட்டுவிட்டு டி.வி.யில் சத்தத்தைக் கூட்டினார்.

காசு போனால்கூடப் பரவாயில்லை என்பேன். அப்பாவின் லீவும் போனது. வருஷா வருஷம் சேர்ந்த லீவை ஆபீசிலேயே சரண்டர் பண்ணிக் காசாக வாங்கிவிடுவார். கையில் வருவது குறைந்ததால் வேறு வழியில்லை. நீ ஏழாவது படிக்கும்போது உன் வகுப்பில் பாதிப் பேர் ஊட்டி, கொடைக்கானல் என்று போய்விட்டு வந்து கதை சொன்னார்கள். நாம் எப்போது போவோம் என்று நச்சரித்தாய். "லீவை வித்துட்டோம்டா" என்றார் அப்பா. நீ கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "யாருப்பா வாங்கினாங்க?" என்று கேட்டாய். அப்பா செருப்பைப் போட்டுக்கொண்டு டூட்டிக்குப் போய்விட்டார். நான் அதை ஒரு நகைச்சுவையாகப் பிளாக் முழுக்கச் சொல்லிச் சிரித்தேன், எனக்கு அறிவு அவ்வளவுதான். அப்பாவோடு நீ போன ஊர்களைச் சொல் பார்க்கலாம். சேத்தியாத்தோப்பில் ஒரு கல்யாணம், வருஷத்துக்கு ஒரு தரம் திருவதிகைக் கோயில். அவ்வளவுதானே? அந்த லீவை வாங்கியது வடக்குத்து வீடு. நாம் ஒரு ராத்திரிகூடத் தங்காத வீடு. நீ எழுபது லட்சம் என்று சொன்னபோது எனக்கு முதலில் ரூபாய் ஞாபகம் வரவில்லை, பாப்பா வளர்ந்து உன்னிடம் என்ன கேட்பாள் என்றுதான் தோன்றியது.

திங்கட்கிழமை காலையில் ஆட்டோ பிடித்து அந்த வீட்டுக்குப் போனேன். விற்பதா வேண்டாமா என்று சண்டை போடுவதற்கு முன்னால் ஒரு தரம் கண்ணால் பார்த்துவிடலாம் என்று. குடியிருப்பது செல்வி. கம்மாபுரம் பக்கத்துப் பெண், புருஷன் மைன்ஸில் கான்ட்ராக்ட் வேலை. எனக்கு என் வீட்டு வாசலில் நிற்கவே கூச்சமாக இருந்தது. "உக்காருங்கக்கா. உங்க வூடுதான, நின்னுகினே இருந்தா எப்படி?" என்று நாற்காலியைத் துடைத்துப் போட்டாள். டீ கொடுத்தாள். பாத்ரூம் போகணும் என்றேன். உள்ளே போய்ச் சுவரைத் தடவுகிறேன், சுவிட்ச் அகப்படவில்லை. அவள் வெளியிலிருந்து போட்டுவிட்டு, கதவுக்கு வெளிப்பக்கம் இருக்குது அக்கா என்றாள். இருபத்திரண்டு வருஷம் தவணை கட்டிய வீட்டில் பாத்ரூம் சுவிட்ச் எங்கே என்று எனக்குத் தெரியவில்லை. குடியிருப்பவள் காட்டுகிறாள். கூரையில் காரை பெயர்ந்து கம்பி தெரிகிறது. பைப்பெல்லாம் துருப்பிடித்திருக்கிறது. சமையல் மேடை விரிசல் விட்டிருக்கிறது. நாங்கள் குடிபோவதற்கு முன்னால் குறைந்தது ஐந்தாறு லட்சமாவது அதில் கொட்ட வேண்டும். நாங்கள் ரிட்டயர் ஆகும்வரை வீடு புதுசாகவே காத்துக்கொண்டிருக்கும் என்று நினைத்தோம் பார், எங்களை எதில் அடிப்பது. செல்விக்கும் விஷயம் புரிந்துவிட்டது. பிள்ளைகளின் பரீட்சை முடியும்வரை இருக்கலாமா என்று கேட்டாள். இரு என்றேன்.

அன்று மத்தியானம் நீ வாங்கிக் கொடுத்த போனிலேயே தவணைக் கணக்கு போடுகிற பக்கத்தைத் திறந்தேன். எழுபது லட்சம், எட்டரை சதவீதம், முப்பது வருஷம் என்று தட்டினேன். மாதம் ஐம்பத்துமூன்றாயிரத்துச் சொச்சம் என்று காட்டியது, நீ சொன்னது சரிதான். அதற்குக் கீழே ஒரு வட்டம் வந்தது. தோசையை மூன்றாக வெட்டினால் இரண்டு துண்டு அளவுக்கு ஒரே நிறம். அதுதான் வட்டியாம். போன் கெட்டுவிட்டது என்று நினைத்தேன். அழித்துவிட்டு மறுபடி போட்டேன், அதே தோசை. மொத்தம் நீ கட்டப்போவது ஒரு கோடியே தொண்ணூற்றுமூன்று லட்சம். வாங்கியது எழுபது. இதில் உன் முதல் தவணை இருக்கிறதே, அதில் நாற்பத்தொன்பதாயிரத்துக்கு மேல் வட்டிக்கே போகிறது. அசலில் குறைவது நாலாயிரத்துச் சொச்சம். ஐந்து வருஷம் ஒரு மாதம் தவறாமல் கட்டுகிறாய் என்று வைத்துக்கொள். முப்பத்திரண்டு லட்சம் கொடுத்திருப்பாய். கடன் எவ்வளவு குறைந்திருக்கும் தெரியுமா? மூன்று லட்சத்துக்குச் சற்று மேலே. பாப்பா மூன்றாவது படித்துக்கொண்டிருப்பாள், நீ இன்னும் அறுபத்தாறே முக்கால் லட்சம் கடனில் இருப்பாய். இதை உன் பேங்க்காரர் சொன்னாரா? கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். நீ மாதத் தவணையை மட்டும் கேட்டிருப்பாய், உன் அப்பன் பிள்ளை அல்லவா.

நீ என்ன சொல்வாய் என்று எனக்குத் தெரியும். வாடகை கொடுத்தால் காசு திரும்பி வராது என்பாய். வட்டி மட்டும் திரும்பி வருமா? இப்போது நீ கொடுக்கிற வாடகை இருபத்திரண்டாயிரம், பேங்குக்குக் கொடுக்கப் போகிற வட்டி அதைப் போல இரண்டு மடங்குக்கு மேல். வருமான வரி மிச்சமாகும் என்பாய். புது முறையில் அதுவும் கிடையாது என்று நித்யாவே அன்றைக்குச் சொன்னாள், உன் காதில் விழவில்லை. வீட்டு விலை ஏறும் என்பாய். ஏறட்டும், பாப்பாவை இடுப்பில் வைத்துக்கொண்டு எந்த வீட்டை விற்று எந்த வீட்டுக்குப் போவாய்? சம்பளம் ஏறும், கூடுதலாகக் கட்டி முடித்துவிடுவேன் என்பாய். இதுதான் உருப்படியான பேச்சு. வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் முப்பதில் ஏறக்குறைய ஏழு வருஷம் குறைகிறது, அதையும் போட்டுப் பார்த்தேன். ஆனால் கட்டுவாயா? போனஸ் வந்த வாரத்திலேயே போன் மாற்றுகிறவன் நீ. வட்டி ஒரு சதவீதம் ஏறினால் ஆரம்ப வருஷங்களில் உன் முழுத் தவணையும் வட்டிக்கே காணாது, அது தெரியுமா உனக்கு? அப்பாவுக்கு அறுபது வயது வரைக்கும் யாரும் கை வைக்க முடியாத வேலை, அந்தத் தைரியத்தில் நாங்கள் கண்ணை மூடிக்கொண்டு பிடித்தம் கொடுத்தோம். உன் ஆபீசில் போன வருஷம் உன் பக்கத்து சீட்டுக்காரரை ஒரே நாளில் பெட்டியோடு அனுப்பிவிட்டார்கள் என்று நீயேதான் சொன்னாய். அறுபத்திரண்டு வயது வரைக்கும் உன்னை வைத்துக்கொள்வதாக யாராவது எழுதிக் கொடுத்திருக்கிறார்களா?

இதையெல்லாம் அப்பாவிடம் கத்தினேன். உன்னிடம் கத்த முடியாததையும் சேர்த்து அவரிடமே கத்தினேன். அவர் முட்டிக்குத் தைலம் தேய்த்துக்கொண்டு எல்லாவற்றையும் கேட்டார். கடைசியில், "பையன் ஆசப்படறான், உட்டுடு. நாம என்னத்தக் கொண்டு போவப் போறோம்" என்றார். எனக்கு வந்ததே கோபம். கொண்டு போக வேண்டாம், போகிற வரைக்கும் படுக்க ஒரு இடம் வேண்டாமா என்று கேட்டேன். மறுநாள் முழுக்க நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. உனக்கு நாலு வார்த்தை காட்டமாக எழுதி, வீட்டையும் விற்க மாட்டேன், ஒரு காசும் தர மாட்டேன் என்று முடித்துவிடலாம் என்றுதான் இந்தப் பேப்பரை எடுத்தேன்.

அப்போதுதான் நித்யா போன் பண்ணினாள். நான் ஞாயிற்றுக்கிழமை பேசாமல் இருந்தது அவளுக்கு உறுத்தியிருக்கிறது. என்ன அத்தை, பிடிக்கலையா என்று கேட்டாள். அடக்கி வைத்ததெல்லாம் கொட்டிவிட்டது. மூன்று பேர் இருக்கிற வீட்டுக்கு மூன்று ரூம் எதற்கு, ஜம்பத்துக்கா என்று கேட்டுவிட்டேன். "அத்தை, அந்த மூணாவது ரூம் உங்க ரெண்டு பேருக்குத்தான். மாமாவுக்கு முட்டி வலி, லிஃப்ட் இருக்கணும், பக்கத்துல ஆஸ்பத்திரி இருக்கணும்னு உங்க பிள்ளை ஒரு வருஷமா தேடினார். சொன்னா நீங்க வேணாம்பீங்கன்னு சொல்லக் கூடாதுன்னுட்டார்" என்றாள்.

அடப்பாவி. ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா நீ? பழைய வீட்டில் போய் என்ன பண்ணப் போகிறீர்கள் என்று எகத்தாளமாகப் பேசத் தெரிந்த வாய்க்கு, எங்களோடு வந்து இருங்கள் என்று கேட்கத் தெரியவில்லையா? போனை வைத்துவிட்டு அழுதேன். கோபத்தில் அழுதேன் என்று எழுதினால் பாதி பொய். இத்தனை நாள் உன்னைச் சம்பாதிக்கிற திமிர் பிடித்தவன் என்று மனசுக்குள் திட்டிக்கொண்டிருந்தேன், அதற்கும் சேர்த்து அழுதேன். அப்பாவிடம் சொன்னேன். அவர் அந்தப் பளபளப்புப் புத்தகத்தை மறுபடி எடுத்து, மூன்றாவது ரூம் எங்கே இருக்கிறது என்று விரலை வைத்துத் தேடினார். ஜன்னல் கிழக்கே இருக்குது என்றார்.

மனசு இளகிவிட்டது, அதனால் சம்மதம் என்று நினைத்துவிடாதே. இப்போதுதான் இன்னும் கோபம் வருகிறது. கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி போனை எடுத்தேன். அதே கட்டடத்தில் இரண்டு ரூம் வீடு அறுபத்திரண்டு லட்சம் என்று உன் புத்தகத்திலேயே இருக்கிறது. அதற்கு நாற்பத்தைந்து லட்சம் கடன் போதும். ஆக எங்கள் ரூமுக்காக நீ கூடுதலாக வாங்கப் போவது இருபத்தைந்து லட்சம். முப்பது வருஷத்தில் அந்த ரூமுக்கு மட்டும் நீ கட்டுவது எழுபது லட்சத்தை ஒட்டி வருகிறது. அப்பாவுக்கு அறுபது ஆகப் போகிறது, எனக்கு ஐம்பத்தேழு. கணக்கு உனக்கே போடத் தெரியும், நான் எழுத மாட்டேன். நாங்கள் போய்ச் சேர்ந்து, படத்துக்கு மாலை வாடி, பாப்பாவுக்குக் கல்யாணம் ஆன பிறகும், காலியாகக் கிடக்கிற ஒரு ரூமுக்கு நீ மாதா மாதம் தவணை கட்டிக்கொண்டிருப்பாய். நான் உன்னைப் பெற்றது அதற்கு இல்லை.

அதனால் நான் சொல்கிறபடி செய். வடக்குத்து வீட்டை விற்க மாட்டோம். ரிப்பேர் பண்ணிக்கொண்டு நாங்கள் அங்கே போகிறோம். படியில்லாத வீடு அது, அப்பா முட்டிக்கு அதுவே போதும். சுவிட்ச் எங்கே இருக்கிறது என்பதைப் பழகிக்கொள்கிறேன். நீ இரண்டு ரூம் வீட்டை எடு. முன்பணத்துக்கு அப்பாவின் ரிட்டயர்மெண்ட் பணத்தில் பத்து லட்சம் தருகிறோம், மீதியை உன் சேமிப்பிலிருந்து போடு. நாற்பத்தைந்து லட்சத்தைப் பதினைந்து வருஷத்துக்குப் போட்டால் தவணை நாற்பத்துநாலாயிரத்துச் சொச்சம்தான் வருகிறது, நீ முப்பது வருஷத்துக்குக் கட்டத் தயாராக இருந்த தொகையைவிடக் குறைவு. நம்பாவிட்டால் நீயே தட்டிப் பார். மாதம் மிச்சமாகிற ஒன்பதாயிரத்தில் வருஷத்துக்கு ஒரு தரம் பாப்பாவை எங்கேயாவது கூட்டிக்கொண்டு போ. வட்டி ஏறினால் வருஷத்தை நீட்டாதீர்கள், தவணையை ஏற்றுங்கள் என்று பேங்கில் எழுதிக் கொடு. வருகிற தாளைப் பிரித்துப் படி. உனக்கு நேரமில்லை என்றால் நித்யாவிடம் கொடு, அவளுக்கு உன்னைவிடக் காது நன்றாகக் கேட்கிறது.

நாங்கள் வரவே மாட்டோம் என்று அர்த்தமில்லை. வருவோம், சொல்லாமல் கொள்ளாமல் வருவோம். ஹாலில் ஒரு பாய் விரித்தால் போதும். பதினைந்து வருஷத்தில் நீ கடனை முடி, அப்போது எனக்கு எழுபத்திரண்டு, இருப்பேன் என்றுதான் நினைக்கிறேன். கடன் முடிந்து பத்திரம் உன் கைக்கு வருகிற அன்றைக்கு என்னைக் கூப்பிடு. நான் பஸ் ஏறி வந்து, இது பேங்க் வீடு இல்லை, என் பையன் வீடு என்று ஒரு மத்தியானம் கால் நீட்டிப் படுத்து எழுந்து போகிறேன். அதற்கு மேல் உன் வீட்டில் எனக்கு ஒரு ரூமும் வேண்டாம்.

அம்மா